வழிபாட்டுச் சமூகம் ஊருக்குப் பயன்பட: முதல் இரண்டு ஆண்டுகளுக்கான வழிகாட்டி

வாரா வாரம் கூடுகிறீர்கள். வழிபாடு ஒழுங்காக நடக்கிறது. ஆனால் வருகிறவர்கள் குறைந்துகொண்டே போகிறார்கள். இளையவர்கள் விழா நாட்களில் மட்டும் தலைகாட்டுகிறார்கள். நிர்வாகக் கூட்டத்தில் கூரைப் பழுதையும் மின்கட்டணத்தையும் தாண்டிப் பேச்சு நகர்வதில்லை. ஒருநாள் யாரோ எழுந்து, "நாமும் சமுதாயத்துக்கு ஏதாவது செய்ய வேண்டும்" என்கிறார். எல்லோரும் தலையாட்டுகிறார்கள். அப்புறம் என்ன செய்வது என்று தெரியாமல் கையில் பேனாவோடு உட்கார்ந்திருக்கும் செயலாளருக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

கோயில், தேவாலயம், பள்ளிவாசல், விகாரை, குருத்வாரா எதுவானாலும் சிக்கல்கள் ஏறக்குறைய ஒன்றுதான். இந்த வேலையில் சில காலம் தட்டுத்தடுமாறியவன் என்ற முறையில், எங்கெங்கே கால் இடறும் என்பதைச் சொல்ல முடியும்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். "முதலில் நம்மை நாமே சரிசெய்துகொள்வோம், பிறகு வெளியே போவோம்" என்று ஒருவர் கட்டாயம் சொல்வார். கேட்க நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் அந்தப் "பிறகு" வருவதே இல்லை. உள்ளே புத்துயிர் வருவது பெரும்பாலும் வெளியே போய்விட்டுத் திரும்பி வந்தவர்களால்தான். இதற்கு விலக்கு இரண்டே இரண்டு: கணக்கு, பிள்ளைகளின் பாதுகாப்பு. இவை சரியாகாமல் வாசலைத் தாண்டாதீர்கள்.

1. பீரோவைத் திறங்கள்

முதல் மாதம் முழுக்கக் காகித வேலைதான். சலிப்பாக இருக்கும். ஆனால் இதைத் தள்ளிப்போட்டவர்கள் ஆறு மாதம் கழித்து, ஊரே பார்த்துக்கொண்டிருக்கும்போது, இதே பீரோவின் முன்னால் வந்து நிற்கிறார்கள்.

எடுத்து வைக்க வேண்டியவை: சங்கமாகவோ அறக்கட்டளையாகவோ பதிவு செய்த சான்று, துணை விதிகள், நில-கட்டடப் பத்திரங்கள், கடைசி மூன்று ஆண்டு வரவு செலவு, தணிக்கை அறிக்கை, வங்கியில் கையெழுத்திடும் அதிகாரம் உள்ளவர்களின் பட்டியல், காப்பீட்டுப் பத்திரம், உறுப்பினர் பதிவேடு, மினிட் புத்தகம். ஒவ்வொன்றும் யாரிடம் இருக்கிறது என்று ஒரு தாளில் எழுதுங்கள். "அது பெரியவர் வீட்டில் இருக்கும்" என்ற பதிலை ஏற்காதீர்கள். போய் வாங்கி, நகலெடுத்து, மூலத்தைப் பத்திரப்படுத்துங்கள். வங்கிப் பட்டியலைத் தனியாக ஒருமுறை பாருங்கள். அதில் உள்ளவர்களில் எத்தனை பேர் இன்னும் உயிரோடு, கூப்பிட்டால் வரும் தூரத்தில் இருக்கிறார்கள் என்று எண்ணிப் பார்த்தால் சில சமயம் திடுக்கிட்டுப் போவீர்கள்.

துணை விதிகளில் "நோக்கங்கள்" என்ற பகுதியை வரிவரியாகப் படியுங்கள். வழிபாடு நடத்துவது மட்டுமே நோக்கம் என்று இருந்தால், பொதுமக்களுக்கான வேலைக்கு நிதியைச் செலவழிப்பது கேள்விக்குள்ளாகலாம். திருத்த வேண்டுமானால் பொதுக்குழுவைக் கூட்ட வேண்டும், அதற்கு முன்னறிவிப்புக் காலம் உண்டு, தீர்மானம் வேண்டும், பல நாடுகளில் பதிவு அலுவலகத்துக்கும் தெரிவிக்க வேண்டும். இது மாதக்கணக்கில் இழுக்கும் வேலை. இன்றே தொடங்கிவிட்டு மற்ற படிகளைக் கூடவே பாருங்கள். விதியும் வரிச்சலுகையும் நாட்டுக்கு நாடு மாறும் என்பதால், இந்த வகை அமைப்புகளுக்குக் கணக்கு எழுதிப் பழகிய ஒரு கணக்காளரிடம் ஒரு மணி நேரம் உட்காருங்கள். அந்தக் கட்டணத்தில் கஞ்சத்தனம் வேண்டாம்.

காப்பீட்டை யாரும் பொருட்படுத்துவதில்லை. 1955 டிசம்பரில் அமெரிக்காவின் மாண்ட்கமரி நகரத்தில் கறுப்பின மக்கள் இனப் பாகுபாட்டை எதிர்த்துப் பேருந்துகளைப் புறக்கணித்தபோது, மக்களை வேலைக்குக் கொண்டுபோய் விட ஒரு வாகன ஏற்பாடு வேண்டியிருந்தது. தேவாலயங்களின் பெயரிலேயே வண்டிகளை வாங்கி ஓட்டினார்கள். அந்த ஏற்பாட்டை உடைக்க எதிர்த்தரப்பு கண்ட வழிகளில் ஒன்று, வண்டிகளின் காப்பீட்டை ரத்து செய்ய வைப்பது. கடைசியில் லண்டனின் லாய்ட்ஸ் என்ற காப்பீட்டுச் சந்தை வழியாகக் காப்பீடு கிடைத்துத்தான் வண்டிகள் ஓடின. 381 நாள் நீடித்த அந்தப் போராட்டத்தின் உரைகள்தான் நினைவுகூரப்படுகின்றன. பின்னால் யாரோ காப்பீட்டுப் படிவம் நிரப்பிக்கொண்டிருந்தார்கள் என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள். உங்கள் கட்டடத்தின் காப்பீடு வெளியாட்கள் வந்து போவதற்கும் பொருந்துமா என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

2. பிள்ளைகள் பாதுகாப்பு விதியை எழுதி ஒட்டுங்கள்

"நம் ஆட்கள்தானே" என்ற நம்பிக்கை எத்தனை பிள்ளைகளை அழித்திருக்கிறது என்பதற்குப் பெரிய ஆதாரமே இருக்கிறது. ஆஸ்திரேலியாவின் அரச ஆணையம் 2013 முதல் 2017 வரை நிறுவனங்களில் நடந்த சிறார் பாலியல் வன்கொடுமைகளை விசாரித்தது. விசாரணைக்கு உள்ளான நிறுவனங்களில் பல சமய அமைப்புகள். புகாரை மூடி மறைத்ததும், குற்றம் சாட்டப்பட்டவரை இன்னோர் இடத்துக்கு மாற்றி அனுப்பியதும் அங்கே திரும்பத் திரும்ப வெளிவந்தன.

விதி ஒரு பக்கத்துக்கு மேல் போக வேண்டாம். எந்தப் பெரியவரும் ஒரு பிள்ளையோடு தனி அறையில் இருக்கக்கூடாது. பிள்ளைகளோடு வேலை செய்ய வருகிற ஒவ்வொருவருக்கும், சமயத் தலைவர் உட்பட, உங்கள் நாட்டில் உள்ள பின்னணிச் சோதனை, அதாவது குற்றப் பதிவு ஏதும் உண்டா என்று பார்ப்பது, முடிந்திருக்க வேண்டும். புகார் வந்தால் நேரே காவல்துறைக்கும் சிறார் நலத்துறைக்கும் போகும், உள்விசாரணை, சமரசம் என்ற பேச்சே கிடையாது. புகாரைப் பெறுகிறவர்கள் இருவர், அதில் ஒருவராவது பெண், ஒருவராவது நிர்வாகத்துக்கு வெளியே இருப்பவர். சோதனைச் சான்று கைக்கு வர வாரக்கணக்கில் ஆகும் என்பதால் விண்ணப்பங்களை முதல் மாதமே போட்டுவிடுங்கள்.

இதற்கு எதிர்ப்பு வரும். "எங்களைச் சந்தேகப்படுகிறாயா?" என்று மூத்தவர் ஒருவர் கோபப்படுவார். முதல் விண்ணப்பத்தில் அவரையே கையெழுத்துப் போடச் சொல்லுங்கள். பெரும்பாலும் போட்டுவிடுவார்.

3. கேட்கப் போங்கள்

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு படியை மட்டும் செய்ய நேரம் இருந்தால் இதைச் செய்யுங்கள். மற்றதெல்லாம் இதிலிருந்து தானாக வரும்.

அமெரிக்கச் சமூகச் செயற்பாட்டாளர் சால் அலின்ஸ்கி 1940-இல் சிகாகோவில் தொடங்கிய தொழிற்பகுதி அறக்கட்டளையும், அதன் வழியில் வளர்ந்த அமைப்புகளும் தேவாலயங்களையும் யூதத் தொழுகைக் கூடங்களையும் பள்ளிகளையும் ஒன்றுசேர்த்து வேலை செய்கின்றன. அவர்களின் அடிப்படைப் பழக்கம் மிகச் சாதாரணமானது. ஒருவர் இன்னொருவரோடு முப்பது நாற்பது நிமிடம் நேருக்கு நேர் உட்கார்ந்து பேசுவது. படிவம் கிடையாது, பிரசாரம் கிடையாது, நன்கொடை கேட்பது கிடையாது.

இப்படிச் செய்யலாம். பத்து ஜோடிகளைத் தேர்ந்தெடுங்கள். ஒவ்வொரு ஜோடியிலும் ஒருவர் பழைய ஆள், ஒருவர் இளையவர் அல்லது புதியவர். ஜோடிக்கு ஆறு உரையாடல் என்று வைத்தால் அறுபது வீடுகள் ஆகிவிடும். வாரத்துக்கு ஒன்றுக்கு மேல் போட வேண்டாம். உடல்நலம், வெளியூர்ப் பயணம், வீட்டு விசேஷம் எல்லாம் குறுக்கே வரும். பத்து முதல் பன்னிரண்டு வாரம் ஒதுக்குங்கள். உங்கள் பெருவிழாவுக்கோ நோன்புக் காலத்துக்கோ முன்னால் தொடங்கினால் நடுவில் அறுந்துவிடும். விழா முடிந்து இரண்டு வாரம் கழித்துத் தொடங்குவது நல்லது.

யாரிடம் போவது? பாதி உரையாடல்கள் உங்கள் சொந்த ஆட்களோடு இருக்கட்டும். அதிலும், முன்பு வந்துகொண்டிருந்து இப்போது வராதவர்களைத் தேடிப் போங்கள். ஏன் வரவில்லை என்று கேட்காதீர்கள். எப்படி இருக்கிறீர்கள் என்று கேளுங்கள். மீதிப் பாதி உங்கள் கட்டடத்தைச் சுற்றி வாழ்பவர்கள், வேலை செய்பவர்கள்: எதிர்வீட்டுக்காரர், பள்ளி ஆசிரியர், செவிலியர், இரவு வேலை பார்ப்பவர், வாடகை வீட்டில் புதிதாக வந்திருப்பவர். வேறு மதத்தவரும் எந்த மதமும் இல்லாதவரும் கட்டாயம் இருக்க வேண்டும். முதல் முறை பெரும்பாலான வீடுகளில், எதையோ விற்க வந்திருக்கிறீர்கள் என்றோ மதம் மாற்ற வந்திருக்கிறீர்கள் என்றோதான் நினைப்பார்கள். வாசலிலேயே சொல்லிவிடுங்கள்: "பக்கத்திலேயே இத்தனை வருடம் இருக்கிறோம், உங்களைத் தெரியாது. தெரிந்துகொள்ள வந்தோம். வேறு எதுவும் இல்லை."

கேள்விகள் நாலைந்து போதும். இந்தப் பகுதியில் வாழ்வதில் உங்களுக்கு எது பிடித்திருக்கிறது? எது தூக்கத்தைக் கெடுக்கிறது? அதைப் பற்றி வேறு யாரிடமாவது பேசியிருக்கிறீர்களா? உங்களுக்கு நன்றாக வரும் வேலை எது? யாருக்காவது அதைக் கற்றுக்கொடுத்திருக்கிறீர்களா? கடைசி இரண்டைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். ஜான் மெக்நைட், ஜான் க்ரெட்ஸ்மன் என்ற அமெரிக்க ஆய்வாளர்கள் இருவரும் சேர்ந்து 1993-இல் முன்வைத்த அணுகுமுறை இதைத்தான் வலியுறுத்துகிறது. ஒரு பகுதியில் என்ன இல்லை என்று மட்டும் பட்டியல் போட்டால், அங்கே வாழ்பவர்கள் வெறும் தேவையுள்ளவர்களாகத் தெரிவார்கள். என்ன இருக்கிறது என்று கேட்டால், ஓய்வு பெற்ற மின்பணியாளரும் நான்கு மொழி தெரிந்த பாட்டியும் கண்ணில் படுவார்கள். உதவி வாங்க வேண்டியவர் என்று நினைத்த ஒருவர் உதவி செய்ய முன்வரும்போது உங்கள் குழுவின் பேச்சே மாறிப்போகும்.

பேசும்போது குறிப்பெடுக்காதீர்கள். வெளியே வந்ததும் ஜோடியாக உட்கார்ந்து, இருவருக்கும் நினைவிருப்பதை எழுதுங்கள். பெயர், முகவரி, நோய், குடும்பச் சண்டை போன்றவற்றைப் பொதுக் குறிப்பில் சேர்க்க வேண்டாம். யாராவது அந்தரங்கமாக ஒன்றைச் சொன்னால் அது அந்த ஜோடியோடு நிற்க வேண்டும். இது ஒரே ஒரு தடவை கசிந்தால் போதும், அந்தப் பகுதியில் எல்லாக் கதவும் சாத்தப்படும்.

இந்தப் படியில் விழும் பள்ளங்கள் இரண்டு. ஒன்று, "இவ்வளவு பேரைப் பார்ப்பதற்குப் பதில் ஒரு படிவம் அடித்துக் கொடுத்துவிடலாமே" என்ற யோசனை. படிவம் திரும்பி வரும், உறவு திரும்பி வராது. மற்றொன்று, இரக்கப்பட்டு அங்கேயே வாக்குறுதி கொடுத்துவிடுவது. "பார்க்கிறோம்" என்று சொன்னாலே வாக்குறுதியாகத்தான் எடுத்துக்கொள்வார்கள். அவசரத் துயரம் கண்ணில் பட்டால் தனிப்பட்ட முறையில் உதவுங்கள், அமைப்பின் பெயரை இழுக்காதீர்கள்.

செலவு? போக்குவரத்தும் நோட்டுப் புத்தகமும்தான். இவ்வளவு மலிவான படியைத்தான் பெரும்பாலான குழுக்கள் தாண்டிப் போகின்றன. எனக்கு இது இன்னும் வியப்பாகவே இருக்கிறது.

4. ஒரே ஒரு வேலை

அறுபது உரையாடலும் முடிந்ததும் எல்லா ஜோடிகளையும் ஒரு முழு நாள் கூட்டுங்கள். பெல்ஜியத்துப் பாதிரியார் ஜோசப் கார்டைன் இளம் தொழிலாளர்களுக்காகக் கொண்டுவந்த "பார், சீர்தூக்கு, செயல்படு" என்ற மூன்று படி முறை இங்கே கைகொடுக்கும். காலையில் கேட்டதை மட்டும் சொல்லுங்கள், கருத்து வேண்டாம். மதியம், இது ஏன் இப்படி இருக்கிறது, நம் சமயம் இதைப் பற்றி என்ன கேட்கிறது என்று பேசுங்கள். வேதத்தையும் மரபையும் திறக்க வேண்டிய இடம் இதுதான். அந்த வரிகளை இத்தனை நாள் எப்படிப் படித்துவிட்டுப் போனோம் என்று யாராவது ஒருவர் கேட்பார். மாலையில் முடிவெடுங்கள்.

"வறுமை", "போதை", "இளைஞர் சீரழிவு" என்பவற்றைத் தேர்ந்தெடுக்கக் கூடாது. அவை தலைப்புகள். வேலை என்றால் அதற்கு ஓர் இடமும் பெயரும் முடிவும் இருக்க வேண்டும். லண்டனின் கிழக்குப் பகுதியில் தேவாலயங்கள், பள்ளிவாசல்கள், பள்ளிகள், தொழிற்சங்கங்கள் சேர்ந்த கூட்டணி ஒன்று இப்படிக் கேட்டுக்கொண்டே போனபோது, பெற்றோர் இரண்டு வேலை பார்த்தும் பற்றவில்லை, பிள்ளைகளோடு இருக்க நேரமில்லை என்பது தெரிய வந்தது. "குடும்பங்களைக் காப்போம்" என்று கூட்டம் போடாமல், வாழப் போதுமான மணிக்கூலி என்ற ஒரே கோரிக்கையைக் கையில் எடுத்தார்கள். 2001-இல் தொடங்கிய அந்த முயற்சி பிறகு பிரிட்டன் முழுவதும் பரவி, முதலாளிகள் தாமாக முன்வந்து ஏற்கும் ஓர் ஊதிய அளவாக நிலைத்துவிட்டது.

இங்கே ஒரு தீர்மானம் எடுக்க வேண்டியிருக்கும்: உதவி செய்யப் போகிறீர்களா, நியாயம் கேட்கப் போகிறீர்களா? பசித்தவருக்கு இன்று சோறு வேண்டும், அதில் வாதமில்லை. ஆனால் பத்து வருடமாக ஒரே வரிசையில் ஒரே ஆட்கள் நின்றுகொண்டிருந்தால், வரிசை ஏன் குறையவில்லை என்று கேட்பதும் உங்கள் வேலைதான். சமூகத்தை மாற்றுவது என்ற பெரிய பேச்சு நடைமுறையில் இந்தக் கேள்வியில்தான் தொடங்குகிறது. முதல் ஆண்டுக்கு, சிறிய உதவியாகவும் ஒரு கேள்வியைக் கிளப்புவதாகவும் உள்ள வேலையைத் தேடுங்கள். ஆறு மாதத்துக்குள் எல்லோர் கண்ணிலும் படும் ஏதாவது ஒன்று நடக்க வேண்டும். அகலக் கால் வைக்காதீர்கள்.

நியாயம் கேட்கும்போது கட்சிகள் மோப்பம் பிடித்து வரும். பல நாடுகளில் பதிவு பெற்ற அறநிறுவனங்கள் தேர்தலில் ஒரு வேட்பாளரை ஆதரிக்கச் சட்டத்தில் இடமில்லை. இடம் இருந்தாலும் வேண்டாம். எல்லாக் கட்சியினரையும் ஒரே மேடைக்கு அழைத்து ஒரே கேள்வியைக் கேட்பது நல்ல வழி.

5. வாக்குறுதியை எழுதி வாசலில் வையுங்கள்

உங்கள் உதவியைப் பெறுபவர் பதிலுக்கு வழிபாட்டுக்கு வர வேண்டியதில்லை, பெயரைக் கூடச் சொல்ல வேண்டியதில்லை. இதை ஒரு வரியில் எழுதுங்கள். பேரிடர் உதவியில் ஈடுபடும் அமைப்புகளுக்காகச் செஞ்சிலுவை - செம்பிறை இயக்கமும் தொண்டு நிறுவனங்களும் 1994-இல் வகுத்த நடத்தை விதிகளில் மூன்றாவது இதுவே: எந்த அரசியல் நிலைப்பாட்டையும் சமய நிலைப்பாட்டையும் வளர்க்க உதவியைப் பயன்படுத்தக் கூடாது. சமயச் சார்புள்ள பல தொண்டு நிறுவனங்களும் அதில் கையெழுத்திட்டிருக்கின்றன. நம்பிக்கையை மறைக்க வேண்டும் என்று இதற்குப் பொருள் இல்லை. ஏன் இதைச் செய்கிறீர்கள் என்று ஒருவர் கேட்டால் தாராளமாகச் சொல்லலாம். கேட்காதவருக்குச் சொல்லக் கூடாது, அவ்வளவுதான்.

புகைப்படமும் இதே கணக்கில் வரும். கொடுக்கிறவர், வாங்குகிறவர், நடுவில் ஒரு பை என்ற அந்தப் படம் வேண்டவே வேண்டாம். எடுத்தே ஆக வேண்டுமானால் எழுத்தில் சம்மதம் வாங்குங்கள், பிள்ளைகளுக்குப் பெற்றோரின் சம்மதம்.

வேறு சமயத்தவரோடு சேர்ந்து செய்யப் போகிறீர்கள் என்றால் ஒரு பக்க உடன்பாடு போதும்: யார் என்ன செய்வது, செலவு எப்படிப் பங்கு, யார் கட்டடம், சண்டை வந்தால் யாரிடம் போவது, எந்தத் தேதியில் மறுபரிசீலனை. இறையியலைப் பேசித் தீர்த்துவிட்டு வேலையைத் தொடங்கலாம் என்று நினைத்தால் தொடங்கவே மாட்டீர்கள்.

6. பணம்

"பணம் இல்லை" என்பதுதான் ஒவ்வொரு கூட்டத்திலும் முதலில் வரும் தடை. 1966-இல் தைவானின் ஹுவாலியனில் செங் யென் என்ற பௌத்தத் துறவி ட்சூ சீ அமைப்பைத் தொடங்கியபோது, அவரோடு சேர்ந்த முப்பது இல்லத்தரசிகள் வீட்டுச் செலவுப் பணத்திலிருந்து தினமும் ஐம்பது காசை மூங்கில் உண்டியலில் போட்டார்கள். மாதக் கடைசியில் மொத்தமாகக் கொடுத்தால் என்ன என்ற கேள்வி வந்ததாம். தினமும் போட்டால் தினமும் ஒருவரைப் பற்றி நினைப்பீர்கள் என்பது அதற்கான பதில். இன்று அது பல நாடுகளில் மருத்துவமனை, பேரிடர் உதவி என்று பரந்து கிடக்கிறது.

நான் இதிலிருந்து எடுத்துக்கொள்வது ஒரு நடைமுறைப் பாடம். ஒரு பெரிய நன்கொடையாளரைவிட நூறு சிறிய நன்கொடையாளர்கள் மேல். பெரிய நன்கொடை வந்த அடுத்த மாதமே கல்வெட்டும், அதற்கு அடுத்த மாதம் அவருடைய மைத்துனருக்கு நிர்வாகத்தில் ஓர் இடமும் கேட்கப்படும்.

விதிகள் இவை. இந்த வேலைக்குத் தனி வங்கிக் கணக்கு, முடியாவிட்டால் தனிப் பேரேடு. ஒவ்வொரு காசுக்கும் ரசீது. செலவுக்கு வவுச்சர். எந்தத் தொகையானாலும் இரண்டு கையெழுத்து, இருவரும் ஒரே குடும்பமாக இருக்கக் கூடாது. தனிநபரின் கணக்குக்கோ கைப்பேசிக்கோ பணம் அனுப்பச் சொல்லவே கூடாது, "நாளைக்கு மாற்றிவிடலாம்" என்ற அவசரத்திலும் கூட. ஒரு குறிப்பிட்ட நோக்கத்துக்கென்று கொடுத்த பணத்தை வேறு எதற்கும் தொடக் கூடாது. வெளிநாட்டிலிருந்து பணம் வருமானால் உங்கள் நாட்டுச் சட்டத்தை முதலில் கேட்டுவிட்டு அப்புறம் வாங்குங்கள். சில நாடுகளில் முன் அனுமதி இல்லாமல் பெற்றாலே குற்றம்.

பட்ஜெட் போடும்போது விட்டுப்போகும் தலைப்புகள்: காப்பீடு, பின்னணிச் சோதனைக் கட்டணம், தன்னார்வலர்களின் போக்குவரத்து, துப்புரவு, கூடுதல் மின்சாரம், அச்சுச் செலவு, தணிக்கைக் கட்டணம். மொத்தத்தோடு பத்து சதவீதம் எதிர்பாராச் செலவு என்று சேருங்கள். ஆறு மாதச் செலவுக்கான தொகை கையிருப்பில் இல்லாமல் யாருக்கும் சம்பளம் பேசாதீர்கள். தொடங்கிவிட்டு நடுவில் நிறுத்தினால் அடிபடுவது நீங்கள் உதவப் போன வீடுதான்.

மாதக் கணக்கை வழிபாட்டுக்கு வருகிறவர்கள் பார்க்கும் இடத்தில் ஒட்டுங்கள். ஒரே பக்கம், பெரிய எழுத்து. வெளியே எந்த வேலையும் தொடங்குவதற்கு முன்பே இது ஒன்று மட்டும் பழைய மனத்தாங்கல்களில் பாதியைத் தீர்த்துவிடும்.

7. பன்னிரண்டு வாரச் சோதனை

தொடக்க விழா, பேனர், சிறப்பு விருந்தினர் எதுவும் வேண்டாம். தொடங்கும்போதே முடியும் தேதியையும் அறிவித்துவிடுங்கள்: "பன்னிரண்டு வாரம் செய்து பார்க்கிறோம், பிறகு உட்கார்ந்து பேசி முடிவெடுப்போம்." முடியும் தேதி தெரிந்தால்தான் தன்னார்வலர்கள் பெயர் கொடுப்பார்கள். தேதியே இல்லாத அழைப்பு ஆயுள் தண்டனை போலத் தோன்றும்.

வேலையில் பாதியையாவது அந்தப் பகுதி மக்களே செய்ய வேண்டும். இலங்கையின் சர்வோதய சிரமதான இயக்கம் 1958-இல் ஆசிரியர் ஏ. டி. ஆரியரத்ன தம் மாணவர்களோடு ஒரு பின்தங்கிய கிராமத்துக்குப் போனதிலிருந்து தொடங்கியது. பௌத்தச் சிந்தனையில் வேர் கொண்ட அந்த இயக்கம், வந்தவர்களும் ஊரார்களும் ஒன்றாக வேலை செய்து, ஒன்றாகச் சாப்பிட்டு, ஒன்றாக உட்கார்ந்து பேசுவதை முறையாகவே ஆக்கியது. நீங்கள் போய் ஒரு சுவரை வெள்ளையடித்துவிட்டு வந்தால் அது உங்கள் சுவர். அழுக்கானால் உங்களைத்தான் கூப்பிடுவார்கள்.

கட்டடச் சாவி யாரிடம் இருக்கும் என்பதை முதல் வாரத்துக்கு முன்பே முடிவு செய்யுங்கள். சிரிக்காதீர்கள், பல நல்ல முயற்சிகள் பூட்டிய கதவின் முன்னால் நின்றிருக்கின்றன. மூன்று பேரிடம் சாவி, ஒரு கையெழுத்துப் பதிவேடு. வெளிக்குழுக்களுக்கு இடம் கொடுப்பதானால் சிறு வாடகை வாங்குங்கள். குடிநோயிலிருந்து மீள்வோருக்கான ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் குழுக்கள் உலகெங்கும் தேவாலயக் கூடங்களில் கூடுகின்றன. தங்கள் செலவைத் தாங்களே ஏற்பது அவர்களின் மரபு. வாடகை கொடுப்பவர் விருந்தாளி ஆக மாட்டார், தலைநிமிர்ந்து வந்து போவார்.

வாரா வாரம் பதிவு செய்ய வேண்டியது மூன்றுதான்: எத்தனை பேர் வந்தார்கள், என்ன செலவானது, எதிர்பாராத எது நடந்தது. மூன்றாவதை அலட்சியமாக எழுதாதீர்கள். பன்னிரண்டாவது வாரத்தில் முடிவெடுக்க உதவப் போவது அதுதான். நிறுத்துவது என்று முடிவானால் நிறுத்துங்கள். பயனில்லாத ஒன்றை மரியாதைக்காக இழுத்துக்கொண்டிருக்க வேண்டாம்.

8. உள்ளே நடக்க வேண்டிய மாற்றங்கள்

இதற்குள் ஏறக்குறைய ஓராண்டு ஆகியிருக்கும். கேட்கப் போனவர்களில் சிலர் நிர்வாகக் கூட்டத்தில் புதிதாகப் பேசத் தொடங்கியிருப்பார்கள். அவர்களுக்கு இடம் விடாவிட்டால் கிளம்பிவிடுவார்கள்.

இளையவர்களுக்கு நாற்காலி அடுக்கும் வேலையும் ஒலிபெருக்கி வேலையும் கொடுத்தது போதும். பட்ஜெட்டில் ஒரு பகுதியை, தொகை எவ்வளவு என்று சொல்லி, அவர்களே முடிவு செய்யும்படி விடுங்கள். கணக்கு மட்டும் எல்லோருக்கும் ஒரே விதி. நிர்வாகப் பதவிகளுக்குக் கால வரம்பு வையுங்கள்: மூன்று ஆண்டு, இரண்டு முறைக்கு மேல் இல்லை. துணை விதித் திருத்தம் எப்படியும் போகிறது அல்லவா, அதோடு இதையும் சேர்த்துவிடுங்கள். பெண்கள் வேலையில் முக்கால் பங்கும் முடிவில் கால் பங்கும் பார்க்கும் வழக்கம் எல்லா மதத்திலும் இருக்கிறது. இதற்கு நான் புதிய மந்திரம் எதுவும் சொல்லப் போவதில்லை. கூட்ட நேரத்தை அவர்கள் வரக்கூடிய நேரத்துக்கு மாற்றுங்கள், பாதிக்குப் பாதி இடம் என்று விதியில் எழுதுங்கள்.

படிப்பு வட்டம் ஒன்று வையுங்கள். கனடாவின் நோவா ஸ்கோஷியாவில் மோசஸ் கோடி என்ற பாதிரியார் 1928-இல் தூய பிரான்சிஸ் சேவியர் பல்கலைக்கழகத்தில் தொடங்கிய விரிவாக்கத் துறை மீனவர்களையும் விவசாயிகளையும் சிறுசிறு குழுக்களாகக் கூட்டியது. பிடித்த மீனுக்கு ஏன் விலை கிடைக்கவில்லை என்று அவர்கள் படித்தும் விவாதித்தும் கண்டுபிடித்தார்கள். கடன் சங்கங்களும் கூட்டுறவுகளும் அதிலிருந்துதான் பிறந்தன. உங்கள் வட்டத்துக்கும் ஒரு கேள்வியை மட்டும் கொடுங்கள்.

அவசரப்படுகிறவர்களுக்கு ஒரு தேதிக் கணக்கு. ஸ்பெயினின் பாஸ்க் பகுதியில் மொன்ட்ராகோன் என்ற சிற்றூருக்கு இளம் பாதிரியார் ஹொசே மரியா அரிஸ்மெந்தியர்ரியெத்தா 1941-இல் வந்தார். 1943-இல் தொழிற்பள்ளி. அதில் படித்த ஐந்து பேர் முதல் தொழிலகத்தை நிறுவியது 1956-இல். இன்று அது பல்லாயிரம் பேர் வேலை செய்யும் கூட்டுறவுக் குழுமம். நடுவில் உள்ள அந்தப் பதிமூன்று ஆண்டுகளில் அவர் முக்கியமாகச் செய்தது பாடம் நடத்தியதுதான். உங்கள் குழுவில் ஆறாவது மாதமே "பலன் எங்கே?" என்று கேட்கும் அண்ணாச்சிக்கு இதைச் சொல்லுங்கள்.

9. கைமாற்றுங்கள்

இரண்டாம் ஆண்டு முடிவதற்குள் தொடங்கியவர் விலகி நிற்கப் பழக வேண்டும். ஒருவரை நம்பி ஓடும் வேலை அவருக்குக் காய்ச்சல் வந்தால் படுத்துவிடும். பொறுப்புக்கு ஒருவர், பக்கத்தில் பழகுபவர் ஒருவர் என்று எல்லா இடத்திலும் இருவர் இருக்கட்டும். மூன்று மாதம் இருவரும் சேர்ந்து செய்யட்டும். அடுத்த மூன்று மாதம் புதியவர் செய்ய, பழையவர் கேட்டால் மட்டும் பதில் சொல்லட்டும். கேட்காமலே ஆலோசனை சொல்லும் ஆசையை அடக்குவதுதான் இந்தப் படியில் கடினம்.

கைமாற்றும் கோப்பில் இருக்க வேண்டியவை: பதிவுச் சான்றின் நகல், திருத்திய துணை விதி, பாதுகாப்பு விதியும் சோதனைச் சான்றுகள் காலாவதியாகும் தேதிகளும், காப்பீடு புதுப்பிக்க வேண்டிய நாள், வங்கிக் கையெழுத்து மாற்றத்துக்கான தீர்மானம், கூட்டாளிகளோடு போட்ட உடன்பாடு, வாராந்திரப் பதிவுகள், சாவிப் பதிவேடு. வங்கியில் கையெழுத்து மாற்ற மினிட் புத்தகத்தின் உண்மை நகலும் புதியவர்களின் அடையாளச் சான்றுகளும் கேட்பார்கள். பழையவர்களும் நேரில் வர வேண்டியிருக்கலாம். அவர்கள் ஊரில் இருக்கும் வாரமாகப் பார்த்து நாள் குறியுங்கள்.

கோப்பைக் கொடுத்த கையோடு அடுத்த சுற்று உரையாடல்களுக்குப் புதிய பத்து ஜோடிகளின் பெயரையும் கேட்டு வாங்கிவிடுங்கள். முதல் சுற்றில் நீங்கள் போய்ப் பேசிய வீடுகளிலிருந்து குறைந்தது மூன்று பேராவது அந்தப் பட்டியலில் இருக்க வேண்டும்.